வட்டியும் சேர்த்து

"வட்டியோட குடுங்க சார்."

அந்த அரசு அலுவலகத்தின் படியேறும்போதுகூட அப்பா சொல்லித்தான் கூட்டி வந்தார். பில் என்னாச்சு என்று கேள், எப்போது வரும் என்று கேள், வட்டி என்ற சொல் மட்டும் உன் வாயிலிருந்து வரக்கூடாது.

பொறியாளர் சிரித்தார். என்னைப் பார்த்து அல்ல, அப்பாவைப் பார்த்து.

"என்ன மேஸ்திரி, பொண்ண வட்டிக்கடையில வேலைக்கு விட்டிருக்கியா?"

அப்பா அவரைவிட மூத்தவர். ஆனாலும் 'விட்டிருக்கியா'தான்.

"சின்னப் பொண்ணு சார், தெரியாம பேசிட்டா."

தெரிந்துதான் பேசினேன். எங்கள் வம்சத்திலேயே முதல் ஆளாக என்னைக் கல்லூரிக்கு அனுப்பியவர் அப்பா. பட்டம் வந்த கையோடு ஒப்பந்தக்காரர் பதிவையும் என் பெயருக்கு மாற்றினார். பொறியியல் படித்தவர் பெயரில் இருந்தால் பெரிய வேலை எடுக்கலாம். வேலையை அவர் பார்ப்பார், கையெழுத்தை நான் போடுவேன். அப்படி எடுத்ததுதான் வாய்க்கால் பாலம். கட்டி முடித்து, அவர்களே அளந்து, குறையில்லை என்று சான்றிதழும் கொடுத்து, இரண்டு மழைக்காலம் போய்விட்டது. பணம் மட்டும் 'மேலிடத்தில்' இருக்கிறதாம். எங்கள் கலவை இயந்திரத்தைக் கடன்காரன் இழுத்துக்கொண்டு போய்விட்டான். அம்மாவின் வளையல்கள் அடகுக்கடையில்.

பொறியாளர் ஒரு தாளை என் பக்கம் தள்ளினார்.

"இதுல ஒரு கையெழுத்து போடும்மா. அடுத்த வாரமே செக்."

அசல் தொகை சரியாக இருந்தது. அதற்குக் கீழே ஒரு வரி: இவ்வேலை தொடர்பாக இனி எந்தக் கோரிக்கையும் எழுப்பமாட்டேன்.

"இந்த வரிய அடிச்சுட்டா போடறேன்."

"அந்த வரி இல்லாம செக் கிடையாது. எல்லாரும் போடறதுதான்."

"போட்டுட்டு எல்லாரும் வெளிய போய் அழறதும் தெரியும் சார். லேட்டானா வட்டி, தகராறுன்னா நடுவர்கிட்ட போகலாம்னு ஒப்பந்தத்துல இருக்கு. நாங்க எழுதல. உங்க ஆபீஸ் எழுதினது."

"அது சும்மா அச்சடிச்சு வர்றதும்மா. எவன் படிக்கிறான்?"

"நான் படிச்சேன்."

அப்பா மேசைக்கடியில் என் காலை மிதித்தார். "பள்ளிக்கூடச் சுவர் டெண்டர் வருதுடி. இவங்கள பகைச்சுக்கிட்டா உள்ளயே விடமாட்டாங்க."

"கேளும்மா, அப்பா சொல்றத," என்றார் பொறியாளர். "கேசுன்னு போனா உனக்குக் கல்யாணமாகி, உன் பிள்ளை வந்துதான் பணம் வாங்கும்."

"வாங்கட்டும் சார். அதுவரைக்கும் வட்டி ஏறும்."

பக்கத்து மேசைக் கணக்கர் இருமுவதுபோல் சிரிப்பை விழுங்கினார். பொறியாளரின் முகம் மாறியது.

"மேஸ்திரி, பாலத்துல விரிசல்னு ஒரு வரி எழுத எனக்கு எவ்வளவு நேரம் ஆகும்?"

"எழுதுங்க சார். குறையில்லன்னு எழுதினதும் உங்க கைதான். காலையில உங்க ஜீப் எந்தப் பாலத்து மேல வந்துச்சு?"

அப்பா தன் பேனாவை என் கையில் திணித்தார். "போட்டுடும்மா. மீதிய நான் எப்படியாவது பார்த்துக்கறேன்."

அந்த 'எப்படியாவது' எனக்குத் தெரியும். இன்னொரு கடன். இந்த அசல் முழுக்கப் பழைய கடனின் வட்டிக்கே போய்விடும், கடன் அசையாமல் நிற்கும். அரசாங்கம் இழுத்தடித்ததற்கு நாங்கள் வட்டி கட்டலாமாம், அதை அரசாங்கத்திடம் கேட்டால் மரியாதைக் குறைவாம்.

பேனாவை மூடி அவர் சட்டைப்பையிலேயே செருகினேன்.

"வேணும்னா நீங்க போடுங்கப்பா. ஆனா செல்லாது."

சொன்ன பிறகுதான் அது அவருக்கு எங்கே குத்தும் என்று உறைத்தது. அப்படியும் சொன்னதைத் திரும்ப வாங்கிக்கொள்ளவில்லை.

பையிலிருந்து நகலை எடுத்து மேசையில் வைத்தேன். நேற்றே வக்கீலோடு உட்கார்ந்து எழுதிய நோட்டீஸ்: அசல் வேண்டும், வட்டி வேண்டும், தராவிட்டால் நடுவரை நியமிக்க வேண்டும். அப்பா கீழே தேநீர் குடித்துக்கொண்டிருந்தபோதே இதே அலுவலகத்தின் தபால் பிரிவில் கொடுத்து, பெற்றுக்கொண்டதற்கு நகலில் முத்திரை வாங்கியிருந்தேன்.

எழுந்து நடந்தேன்.

"ஏம்மா, நில்லு!" என்றார் பொறியாளர்.

நிற்கவில்லை. பின்னால் அப்பா, "சார், நான் பேசிக்கறேன் சார், வீட்டுக்குப் போய் நான் பேசிக்கறேன்," என்று கெஞ்சிக்கொண்டிருந்தார். பேசட்டும். நான் படியிறங்கினேன்.