எட்டு எழுத்து, ஒரு எண்

இதனால் சகலருக்கும் அறிவிக்கப்படுவது யாதெனில்: இரண்டாயிரத்து ஆறாம் ஆண்டு ஆடிப் பதினெட்டு அன்று, நல்ல நேரத்தில், முதலிபாளையம் சேவற்கொடி எக்ஸ்போர்ட்ஸ் நிறுவனம் தகவல் பாதுகாப்பில் உலகத் தரத்தை எட்டியது. அன்று முதல் எங்கள் ரகசியங்களை எந்த நாட்டு உளவாளியாலும் திருட முடியாது. எங்களிடம் இருந்த ஒரே ரகசியம், ஜெர்மனிக்காரருக்குக் குழந்தை பனியன் என்ன விலைக்குக் கொடுக்கிறோம் என்பது. அது எதிர்ப்பக்க பேக்கரியில் டீ ஆற்றுகிறவருக்கே தெரியும்.

இருந்தாலும் ஆடிட் என்றால் ஆடிட்தான். எங்களிடம் சரக்கு வாங்கும் வெளிநாட்டு பையர் ஆள் அனுப்பியிருந்தார். வருடம் முழுக்கப் பூட்டிக் கிடக்கும் குழந்தைகள் காப்பகத்தைத் திறந்து பொம்மை அடுக்கினோம். இண்டர்நெட் லைனைக் கம்பெனிக்குள் பிரித்துவிடும் ரூட்டர் பெட்டிக்குச் சந்தனம் வைத்தோம். அந்தச் சந்தனம் காற்றோட்டத் துளைக்குள் போய்விட்டதாக சகாயராஜ் மட்டும் முனகினான்.

சகாயராஜ் எங்கள் சிஸ்டம் அட்மின். திசையன்விளைக்காரன். செக்கிங் செக்‌ஷனில் துணியில் ஓட்டை பார்க்கும் வேலையில் சேர்ந்து, தானாகவே கம்ப்யூட்டர் படித்து மேலே வந்தவன். பாஸ்வேர்டுகளை ஒரு கட்டம் போட்ட நாற்பது பக்க நோட்டில் எழுதி வைத்திருந்தான். ஆடிட்டர் அதைப் பார்த்து உதட்டைப் பிதுக்கினார். எங்கள் எம்.டி. ஆறுமுகசாமி அவர்கள் உடனே வரலாறு படைத்தார். நோட்டைத் தன் கையாலேயே எடுத்துக்கொண்டு போய் அயர்னிங் செக்‌ஷன் பாய்லர் நெருப்புக்குள் போட்டார். "இனி நம்ம கம்பெனில பாஸ்வேர்டுங்கறது மனசுக்குள்ள மட்டுந்தானுங்க இருக்கும்" என்றார். கை தட்டினோம். அந்தப் போட்டோ சட்டம் போட்டு வரவேற்பறையில் மாட்டப்பட்டது. எடுத்தவன் நான். ஆபீஸ் மேனேஜர், கன்னையன்.

பாதுகாப்புக் கொள்கையை டைப் செய்தவனும் நானே. பக்கத்து கம்பெனியிடம் வாங்கி அப்படியே அடித்தது. இரண்டாம் பக்கத்தில் அவர்கள் பெயரை மாற்ற மறந்துவிட்டேன், ஆடிட்டரும் கவனிக்கவில்லை. 'பாஸ்வேர்டு குறைந்தது எட்டு எழுத்து. அதில் ஒரு எண்ணாவது இருக்க வேண்டும். எங்கும் எழுதக் கூடாது. யாரிடமும் சொல்லக் கூடாது.' சகாயராஜ் கையெழுத்துப் போட்டுவிட்டு அன்றைக்கே எல்லாப் பாஸ்வேர்டையும் மாற்றினான்.

மூன்று வாரம் கழித்து அவிநாசி ரோட்டில் ஒரு லாரி அவன் பைக்கை இடித்தது. ஆஸ்பத்திரி போகும் வரைகூட உயிர் தங்கவில்லை.

பெட்டிக்கு இதெல்லாம் தெரியாது. அது பாட்டுக்குப் பச்சை விளக்கைச் சிமிட்டிக்கொண்டு வேலை பார்த்தது. இன்னொரு மூன்று வாரம் போன பிறகு லைன் கொடுக்கிற கம்பெனி, எங்கள் இண்டர்நெட் முகவரி எண்களை மாற்றப்போவதாகவும் புதன்கிழமைக்குள் ரூட்டரிலும் மாற்றிக்கொள்ள வேண்டும் என்றும் கடிதம் அனுப்பியது. அப்போதுதான் எங்களுக்கு உறைத்தது: உலகத் தரத்தை எட்டிய ஒரே மனசை மண்ணுக்குள் வைத்துவிட்டோம்.

"அவன் சம்சாரத்துகிட்டக் கேளுங்க கன்னையன். ஊட்ல சொல்லாமயா இருந்திருப்பான்?" என்றார் எம்.டி. தன் கொள்கையை அவரே நம்பவில்லை.

செவ்வாய்க்கிழமை காலை அவன் மனைவி ஆஷா வந்தாள். அவளும் எங்கள் செக்கிங் செக்‌ஷன்தான், பிரசவத்துக்காக நின்றிருந்தாள். தோளில் இரண்டு மாதப் பெண் குழந்தை. கோயமுத்தூரிலிருந்து வரவழைத்திருந்த நெட்வொர்க்காரர் அருள்செல்வன் லேப்டாப்பைப் பெட்டியோடு இணைத்துக்கொண்டிருந்தார்.

நாங்கள் தேடும் பாஸ்வேர்டைப் பற்றிச் சொன்னேன். "எனக்கும் அதுதான் சார் வேணும்" என்றாள் ஆஷா.

"உனக்கு எதுக்கும்மா?" என்றேன்.

"பாப்பாவுக்கு வைக்கப் போற பேரையேதான் பெரிய பாஸ்வேர்டா போட்டுருக்கேன்னு சொன்னாவ. தெனமும் காலைல அதைத் தட்டித்தான் வேலையை ஆரம்பிக்கேன்னாவ. என்ன பேருன்னு கேட்டா, ஞானஸ்நானத்தன்னிக்குச் சொல்லுதேன், அதுவரைக்கும் நீயும் பாப்பான்னே கூப்பிடு, நானும் பாப்பான்னே கூப்பிடுதேன்னு சிரிச்சாவ." குழந்தையின் தலையைத் தடவினாள். "வர்ற ஞாயித்துக்கெழம ஞானஸ்நானம் சார். பங்குச் சாமியார் பேரு கேக்காரு."

அருள்செல்வன் என்னைப் பார்த்தார். நான் பெட்டியைப் பார்த்தேன்.

உலகத் தரப் பாதுகாப்பை அவர் உடைத்த விதம் இது: பெட்டியை அணைத்தார், மறுபடி போட்டார், அது எழும்பும்போது ஒரு விசையை அழுத்தினார். அவ்வளவுதான். பெட்டி தன் காவலையெல்லாம் மறந்துவிட்டு அப்பாவியாக எழுந்து உட்கார்ந்தது. பழைய அமைப்பு முழுவதும் அதன் சேமிப்பில் பத்திரமாக இருந்தது. திரையில் வரிவரியாக ஓடியது.

"ரெண்டு பாஸ்வேர்டு இருக்குதுங்க" என்றார் அருள்செல்வன். "இது வாசக்கதவு மாதிரி, சின்னது. பனியனை உள்பக்கம் வெளிய திருப்பிப் போட்ட மாதிரிதான் மறைச்சு வெச்சிருக்குது. திருப்பினா வந்துரும்." எண்களைப் போலிருந்த ஒரு வரியை லேப்டாப்பில் ஒட்டினார். இரண்டு விநாடி. "இங்கிலீஷ் எழுத்துல 'ஆஷா2005'ங்க."

ஆஷா வாயைப் பொத்திக்கொண்டாள். "கல்யாணம் ஆன வருசம். எம் பேரையா ஆபீஸ் வாசல்ல போட்டு வச்சிருந்தாவ!" சிரித்தாள். அந்தச் சிரிப்பு பாதியிலேயே வேறொன்றாக மாறியது. கண்ணைத் துடைத்துக்கொண்டு, "பெருசத் திருப்புங்க" என்றாள்.

அருள்செல்வன் லேப்டாப்பிலிருந்து கையை எடுத்தார்.

"அது திரும்பாதுங்க. அதைக் கட்டிங்ல மிஞ்சற வேஸ்ட் துணியை மெஷின்ல விட்டுப் பஞ்சாக்கற மாதிரி அரைச்சு வெச்சிருக்குது. அரைக்கறப்ப கூடவே உப்புன்னு நாலு எழுத்து வேற தூவியிருக்குது, ரெண்டு பேர் ஒரே வார்த்தையை வெச்சாக்கூட ஒரே மாதிரி தெரியக் கூடாதுன்னு. பஞ்சைப் பார்த்து எந்த பனியன்னு யாரும் சொல்ல முடியாதுங்க."

"அப்ப அவிய காலைல தட்டுனா சரின்னு எப்டித் தெரியும்?"

"தட்டினதை மறுபடி அதே மாதிரி அரைச்சுப் பார்க்கும். ரெண்டு பஞ்சும் ஒண்ணா இருந்தா உள்ள விடும். பேரு பெட்டிக்கே தெரியாதுங்க. நாம சொன்னா, ஆமா, இல்லைன்னு மட்டும் சொல்லும்."

"அது போதும்" என்று ஆஷா நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள்.

பெயர்களைச் சொல்ல ஆரம்பித்தாள். அவன் அம்மா பெயர். அவன் சிறு வயதில் இறந்துபோன தங்கை பெயர். ஜெனிபர், பிரின்சி, செல்வராணி. ஊர் மாதா கோவில் பெயர். அருள்செல்வன் ஒவ்வொன்றாகத் தட்டினார். ஒவ்வொன்றுக்கும் முப்பது எழுத்துள்ள ஒரு கிறுக்கல் வந்தது. பெட்டியிலிருந்த கிறுக்கலோடு ஒன்றுகூட ஒத்துப்போகவில்லை. இல்லை. இல்லை. இல்லை.

"கிட்டத்துல எதாவது வந்துச்சா சார்? பாதியாவது?"

"கிட்டத்துலங்கறதே இதுல இல்லீங்க. ஒரே ஒரு எழுத்து மாறினாலும் மொத்தமும் வேறயா வரும்."

அப்போதுதான் நான் டைப் செய்த கொள்கை நினைவுக்கு வந்தது. 'ஒரு எண்ணாவது இருக்க வேண்டும்.' ஆஷாவின் பெயருக்குப் பின்னால் அவன் 2005 போட்டது ஆசையால் மட்டும் அல்ல, என் கொள்கையாலும்தான். குழந்தையின் பெயரோடும் ஏதோ ஓர் எண் ஒட்டிக்கொண்டிருக்கும். சரியான பெயரை ஆஷா ஏற்கெனவே சொல்லியிருக்கலாம். முதல் ஐந்து நிமிடத்திலேயே சொல்லியிருக்கலாம். பெட்டி அதற்கும் இல்லை என்றுதான் சொல்லியிருக்கும்.

சொன்னேன். பிறந்த தேதி, வருடம், பைக் நம்பர், வீட்டு நம்பர் எல்லாவற்றையும் ஒவ்வொரு பெயருக்கு முன்னாலும் பின்னாலும் ஒட்டி மறுபடி முதலிலிருந்து ஆரம்பித்தோம். நடுவே எம்.டி. வந்தார். விஷயத்தைக் கேட்டு உண்மையிலேயே கலங்கினார். பிறகு தொண்டையைச் செருமினார்.

"எங்காத்தா பேரு தெய்வாத்தாள். அதைப் போட்டுப் பார்த்தீங்களா? பையனுக்கு எம்மேல ரொம்ப மரியாதைங்க."

அருள்செல்வன் முகத்தில் எதுவும் காட்டாமல் தட்டினார். இல்லை. எம்.டி.க்கு அது கொஞ்சம் வலித்தது தெரிந்தது.

இரண்டு மணிக்கு, லைன் எப்போது வரும் என்று ஷிப்பிங்கிலிருந்து போன் வந்தது. குழந்தை அழுதது. ஆஷா அதை எடுத்துக்கொண்டு காப்பகத்துக்குப் போனாள், பூட்டியிருந்தது. சாவி என்னிடம்தான் இருந்தது. நான் போய்த் திறந்துவிட்டேன். ஆடிட்டருக்காக அடுக்கிய பொம்மைகளுக்கு நடுவே உட்கார்ந்து பால் கொடுத்துவிட்டு வந்தாள்.

"இதுக்கு மேல நிறுத்தி வைக்க முடியாதுங்க. புதுசு போட்டுரட்டுமா?" என்று அருள்செல்வன் அவளிடம்தான் கேட்டார், எம்.டி.யிடம் அல்ல.

"போட்டா பழசு போயிருமா?"

"பெட்டில இருந்து போயிரும். எழுதித் தர்றேங்க." பனியனில் மாட்டும் டேக் அட்டை ஒன்றை எடுத்தார். அதன் பின்பக்கம் அந்த முப்பது எழுத்தையும் ஒவ்வொன்றாக, இரண்டு முறை சரிபார்த்து எழுதினார். ஆஷா அதை வாங்கிக் குழந்தையின் முகத்துக்கு நேரே பிடித்தாள். "இந்தா பாப்பா, ஒம் பேரு" என்றாள். வாசிக்க முடியாததை வாசிக்க முயன்றவள்போல உதடு அசைந்தது. பிறகு குழந்தையின் துணியில் முகத்தைப் புதைத்துக்கொண்டாள். நாங்கள் மூன்று ஆண்களும் பச்சை விளக்கைப் பார்த்துக்கொண்டு நின்றோம்.

ஞாயிற்றுக்கிழமை குழந்தைக்கு சகாயமேரி என்று பெயர் வைத்தார்கள். சாமியார் யோசித்துச் சொன்ன பெயர்.

ஆஷா வேலைக்குத் திரும்பினாள். சரிபார்க்கும் வழியை அருள்செல்வன் என் கம்ப்யூட்டரில் போட்டுவிட்டுப் போயிருந்தார். சனிக்கிழமைதோறும் டீ நேரத்தில் வந்து ஆஷா ஒரு பெயர் சொல்வாள். எனக்குத் தெரிந்த எண்ணையெல்லாம் ஒட்டிப் பார்ப்பேன். "சரி சார்" என்று எழுந்து போவாள். இரண்டு வருடம் வந்தாள். பிறகு பெயர்கள் தீர்ந்துவிட்டன, ஊருக்குப் போய்விட்டாள்.

அந்தச் செவ்வாய்க்கிழமை எம்.டி. தேர்ந்தெடுத்த புதிய பாஸ்வேர்டு சேவற்கொடி123. மறந்துவிடக் கூடாது என்று பெட்டியின் மேலேயே எழுதி ஒட்டியிருக்கிறோம்.