வாசலில் பிடுங்கிய நித்தியகல்யாணி

ஓவேலி எஸ்டேட்டில் தேயிலைக் கொழுந்து பறிக்கும் இந்துமதியின் தொழிலாளர் லயத்து வீட்டு வாசலில் நித்தியகல்யாணி தானாக முளைத்து வருடம் முழுக்கப் பூத்துக் கிடந்தது. சர்க்கரைக்கு நல்லது என்று யாராவது நாலு பூ கேட்டு வாங்கிப் போவார்கள். ஏழு வயது மகள் ரஞ்சனிக்குக் காய்ச்சல் விடாமல் அடித்து, கை காலில் நீலத் திட்டுகள் தெரிந்தபோதுதான், பக்கத்து வீட்டு மலையாளத்துக்காரி சின்னம்மை அந்தச் செடியைக் குறை சொன்னாள்.

"இது சவக்கோட்டைப் பூவாக்கும், மோளே. எங்க நாட்டுல சுடுகாட்டுலதான் நிக்கும். வாசல்ல வச்சா நல்லதில்லை."

இந்துமதிக்கு அதில் நம்பிக்கை இல்லை. பயம் மட்டும் இருந்தது. கணவன் தினகரன் செடிகளை வேரோடு பிடுங்கி ஓடையில் தள்ளிவிட்டு வந்தான்.

கோயம்புத்தூர் ஆஸ்பத்திரியில் ரத்தப் புற்றுநோய் என்றார்கள். குழந்தைகளுக்கு வரும் இந்த வகை பெரும்பாலும் குணமாகிவிடும் என்றும் டாக்டர் சொன்னார். அது இந்துமதியின் காதில் விழவேயில்லை.

வார்டில் ரஞ்சனி எந்நேரமும் படம் வரைந்துகொண்டிருப்பாள். ஒரு நாள் மருந்து ஏற்ற வந்த நர்ஸ் ஸ்டெபி எட்டிப் பார்த்தாள். ஒரு வீடு, அதன் வாசல் நிறைய ஐந்து இதழ்ப் பூக்கள்.

"நித்தியகல்யாணிதானே இது? உங்க வீட்டுல இருக்கா?"

"இருந்துச்சு. அப்பா பிடுங்கிட்டாங்க," என்றாள் ரஞ்சனி.

ஸ்டெபி கையிலிருந்த சிறிய மருந்துப் பையைத் தூக்கிக் காட்டினாள். உள்ளே இருந்தது தண்ணீர் போலத் தெரிந்தது. "இந்த மருந்து அந்தச் செடியில இருந்துதான் எடுக்கிறாங்க."

"விளையாடாதீங்க சிஸ்டர்," என்றாள் இந்துமதி.

"நிஜமாங்க. சனங்க சர்க்கரைக்குக் குடிக்கிறாங்களேன்னு ஆராய்ச்சி பண்ணப் போய், இது கிடைச்சுதாம். ஒரு லாரி இலையில ஒரு சிட்டிகைதான் தேறும்னு சொல்வாங்க."

"அப்ப நானே கஷாயம் வச்சு..."

"வேண்டவே வேண்டாம். அந்த இலை விஷம். சுத்தம் பண்ணி, அளந்து கொடுத்தாத்தான் மருந்து."

ஒரு லாரி இலை என்றால் எவ்வளவு என்று இந்துமதிக்குத் தெரியும். மலைச்சரிவு முழுக்கப் பெண்கள் நின்று பறித்து, மூட்டை மூட்டையாகச் சுமந்து இறக்கினால்தான் ஒரு லாரி நிறையும். அத்தனையும் வற்றி வற்றி ஒரு சிட்டிகையாகி, அதிலும் ஒரு துளி தன் மகளின் மெலிந்த கைக்குள் இறங்குகிறது. அவள் தன்னையறியாமல் செருப்பைக் கழற்றிவிட்டுக் கட்டிலருகே நின்றாள். பை காலியாகும்வரை உட்காரவில்லை.

சாயங்காலம் போனில் தினகரனிடம் சொன்னாள்.

"அதே பூவா?" என்றான் அவன். "காலால மிதிச்சுல்ல தள்ளுனேன், இந்து."

மருந்து லேசானதாக இல்லை. ரஞ்சனியின் முடி கொட்டியது, தாடை வலித்தது, நடக்கக் கால் தள்ளாடியது. ஆனாலும் பனிக்காலம் வருவதற்குள் ரத்தத்தில் நோய் அடங்கிவிட்டதாக டாக்டர் சொன்னார். இந்த முறை இந்துமதிக்கு ஒவ்வொரு சொல்லும் கேட்டது. ரஞ்சனிக்கு மாத்திரை இன்னும் உண்டு, பள்ளிக்கூடம் போகிறாள்.

இந்துமதியும் வேலைக்குத் திரும்பிவிட்டாள். களையெடுக்கும் நாட்களில் தேயிலைத் தூருக்கடியில் பெயர் தெரியாத எத்தனையோ செடிகள் கையில் வருகின்றன. ஒன்றில் நகக்கண் அளவுக்கு நீலப்பூ. அதைப் பிடித்தபடி அவள் குனிந்தே இருந்தாள்.

"என்னம்மா, கை நின்னுபோச்சு?" என்றார் சூப்பர்வைசர் நல்லசாமி.

"இதுக்குப் பேரு என்னங்க?"

"களைக்கு என்ன பேரு," என்று அவர் நடந்துவிட்டார்.

அவள் இன்னும் கொஞ்ச நேரம் அதைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.