நான்காவது மைக்கின் ஆமென்

1

இந்தக் கதை எனக்கு ஒட்டுக்கேட்டுக் கிடைத்தது. என் கதைகளை ஒலிப்பதிவு செய்யப் போயிருந்தேன். முந்தைய குழு இன்னும் உள்ளே இருந்தது. கதவைச் சரியாகச் சாத்தவில்லை. கதவு செய்த தப்புக்கு என்னைக் கோபிக்காதீர்கள், கண்ணுகளா.

முதலில் இப்படித் தொடங்கினேன்: “இசையால் உலகை வெல்லப் புறப்பட்ட நான்கு இளம் உள்ளங்கள்...”

[அடித்துவிட்டேன். உலகம் இருக்கட்டும், டிரம்ஸ்காரனின் அம்மாவையே அவர்கள் இன்னும் வெல்லவில்லை. தலைவலியாம்.]

2

நால்வரும் ஒரே சபைப் பிள்ளைகள். இது முதல் ஆல்பம், பத்துப் பாட்டு. பாடுகிறவள் போதகரின் மகள். கிட்டார் அவள் தம்பி. அவன்தான் தலைவன் என்பது அவன் நம்பிக்கை. கீபோர்டும் டிரம்ஸும் அவன் நண்பர்கள். [இருவருக்கும் தனித்தனிக் குணம் கொடுத்துப் பார்த்தேன். ஒட்டவில்லை.]

பாட்டு முடிந்ததும், கடைசிச் சுரம் அடங்குமுன்னே, “ஆமென்” என்றுவிடுவார்கள். பழக்கதோஷம். மைக்கோ ஓடிக்கொண்டிருக்கும்.

“இன்னைக்கு மட்டும் இருபத்தேழு ஆமென் வெட்டிட்டேன். மேல போனா எனக்கு என்ன கதியோ!” என்றார் ஒலிப்பதிவாளர்.

“கடைசிப் பாட்டுல மட்டும் விட்டுடுங்கண்ணே,” என்றான் தம்பி. “நாலு பேரும் சேந்து சொல்றது. ஆல்பத்தை முடிக்க இதவிட என்ன வேணும்?”

“நாலு பேரா?” என்றவர், பையன்களை டீ குடிக்க அனுப்பிவிட்டு, அவள் மைக்கை மட்டும் ஸ்பீக்கரில் ஓடவிட்டார். பாட்டு முடிந்தது. பிறகு மூச்சு. வெறும் மூச்சு.

“நாலாவது பாட்டுலேருந்தே உன் ஆமென் இல்லம்மா.”

“உங்களுக்கு வெட்டுற வேலை மிச்சம்தானே.”

3

மூன்றாவது பாட்டுக்கும் நாலாவதுக்கும் நடுவே ஒரு மாதம். அவள் அம்மா ஆஸ்பத்திரியில். சபையே முழங்காலில் நின்றது. அம்மா திரும்பவில்லை.

[இங்கே ஒரு பத்தி அழுகை இருந்தது. அவள் அழவில்லை; நான் யார் அழ?]

“முதல் பாட்டுல நீ சொன்ன ஆமெனை எடுத்து இங்க ஒட்டிடறேன். ஒருத்தருக்கும் தெரியாது.”

“எனக்குத் தெரியுமே.”

“அப்ப சொல்லிடேன். ஒரு வார்த்தைதானே?”

“பாட்டெல்லாம் வருதுண்ணே. அந்த ஒண்ணுதான் வரமாட்டேங்குது.”

“தம்பிகிட்ட சொல்லிடு.”

“அப்பா காதுக்குப் போயிடும். அடக்கம் முடிஞ்ச மறுவாரமே பிரசங்கம் பண்ணவரு அவரு. எங்க ஆமெனைப் பிடிச்சுக்கிட்டுத்தான் நிக்கிறாரு.”

4

முடிவு ஒன்று: அவள் கண்ணீரோடு சொல்கிறாள், ஜன்னல் வழியே ஒளி... [அந்த அறைக்கு ஜன்னலே இல்லை.]

முடிவு இரண்டு: உண்மையை உடைத்துச் சொல்ல, குழு சிதறி... [இவளா? டீயில் சர்க்கரை இல்லையென்றுகூடச் சொல்லமாட்டாள்.]

முடிவு மூன்று: ஒலிப்பதிவாளர் திருட்டுத்தனமாகப் பழைய ஆமெனை ஒட்டிவிடுகிறார். அப்பா கேட்டுவிட்டு, “பாட்டையெல்லாம்விட அந்த ஆமென்தாம்மா உருக்கம்” என்கிறார். [பழைய கதையின் வாலை வெட்டிப் புதியதில் ஒட்டாத கதைசொல்லி யார்? ஆனாலும் அவள் “எனக்குத் தெரியுமே” என்றது என் காதிலேயே நிற்கிறது.]

5

நடந்தது இவ்வளவுதான். பையன்கள் திரும்பினார்கள். “இன்னொரு தடவை பாடறேன்,” என்றாள். சிவப்பு விளக்கு எரிந்தது. கடைசிச் சுரம் நீண்டு, மெலிந்து, அவள் உதடு பிரிந்தபோது...

டிரம்ஸ்காரன் காலால் எட்டிக் கதவை ஒழுங்காகச் சாத்திவிட்டான்.

ஆல்பம் என்னிடம் இருக்கிறது. ஒன்பது பாட்டு முழுதாகக் கேட்பேன். பத்தாவதைக் கடைசிச் சுரத்தில் நிறுத்திவிடுவேன். நீங்கள் வேண்டுமானால் ஓடவிட்டு, குரல்களை எண்ணிக்கொள்ளுங்கள். மூன்றானாலும் நான்கானாலும் என்னிடம் சொல்லாதீர்கள், அவள் அப்பாவிடமும்தான்.