கறுத்த கை

ஸெலிக்கு முதலில் சந்தேகம் வந்தது சோப்பைப் பார்த்துத்தான். புதிதாக வந்த எர்னஸ்தீன் அதைச் சர்க்கரைக் கட்டியைப் போல இரண்டு விரலால் எடுத்தாள். சலவைக்கூடத்தில் பல வருடம் முதுகொடிந்த ஸெலிக்கு அது போதும்.

பாரிஸை ஒட்டிய மோந்த்ரெயில், கண்ணாடிக் கூரை போட்ட படப்பிடிப்புக் கொட்டகையில், இருவரும் ஒரே வேடத்துக்குப் போட்டி. ஊமைத் தொடர்படத்தில் வரும் சலவைக்காரி. கிடைத்தால் குளிர்காலம் முழுக்க வேலை. இல்லாவிட்டால் மறுபடி பனி மிதக்கும் தொட்டிக்குள் கை.

"அவ சலவைக்காரியே இல்ல, முசியே. கையைப் பாருங்க," என்று டைரக்டர் மோர்வானிடம் போட்டுக்கொடுத்தாள் ஸெலி.

"நான் என்ன பாக்குறது, கேமரா பாக்கட்டும்." இருவரையும் துவைக்கவைத்துப் படம்பிடித்தார்.

மறுநாள் திரையில் ஓட்டிப் பார்த்தார்கள். எர்னஸ்தீனின் கைகள் பால் போல வந்திருந்தன. சலவைச் சோடா அரித்துச் சிவந்த ஸெலியின் கைகள் மணிக்கட்டுவரை கரி. அந்தக் காலத்துப் படச்சுருளுக்குச் சிவப்பு என்றால் கறுப்பு.

"என்னம்மா, அடுப்புக்கரி அள்ளினவ மாதிரி? சலவைக்காரின்னா சுத்தமாத் தெரியணும். அவளே இருக்கட்டும். நீ சீமாட்டியா உக்காரு, இன்னிக்கு ஒரு நாள். கையுறை மூடிடும்," என்றார் மோர்வான்.

ஸெலிக்கு முழங்கைவரை வெள்ளைக் கையுறை, விரித்த பட்டுப் பாவாடை. காலடியில் மண்டியிட்டுத் துணி மடித்தாள் எர்னஸ்தீன். அவள் மோதிர விரலில் வெளிறிய தடம். கேமராவின் கைப்பிடி சுழன்றது.

"மோதிரத்த எங்கடி கழட்டி வெச்ச?" சீமாட்டியாய்ப் புன்னகைத்தபடியே கேட்டாள் ஸெலி. படத்தில் எதுவும் கேட்கப்போவதில்லை.

கேமராவுக்குப் பின்னால் பட்டுத் தொப்பிக்காரர் ஒருவர் வந்து நின்றார். மோர்வான் ஓடிப்போய் நாற்காலி போட்டார். எர்னஸ்தீனின் முகம் சட்டென்று பாவாடை மடிப்புக்குள் புதைந்தது.

"யாருடி அது?"

"எங்க வீட்டுக்காரர். கொஞ்சம் மறைச்சுக்கோக்கா."

"அவ்வளவு பெரிய வீட்டுல இருந்துக்கிட்டு என் வேலைய ஏன் பறிச்ச?"

"நீ அங்க ஒரு நாள் இருந்து பாரு."

"அந்தச் சலவைக்காரி முகத்தையே காட்ட மாட்டாளா?" என்றார் தொப்பிக்காரர்.

"ஸெலி, பாவாடைய ஒதுக்கு," மோர்வான் குரல் கொடுத்தார். "முகம் மறையுது."

ஸெலியின் விரல்கள் பட்டின் விளிம்பை இறுக்கிப் பிடித்தன. ஓர் இழுப்பு போதும். எர்னஸ்தீன் போய்விட்டால், கறுத்த கையானாலும் மோர்வான் ஸெலியைத்தான் கூப்பிட்டாக வேண்டும். காலடியில் இருந்தவளின் சூடான மூச்சு முழங்காலில் பட்டது. கைப்பிடி நிற்காமல் சுழன்றது.

பாவாடையை ஒதுக்காமல் இன்னும் இறுக்கினாள் ஸெலி; கையுறைக்குள் பழைய வெடிப்பு ஒன்று பிளந்துகொண்டது. வெள்ளை விரல்நுனியில் சிவப்பாக ஒரு பொட்டு ஊறிப் பரவியது. கேமராவில் அது கறுப்பாகத்தான் விழும்.