ஒன்பது மாடி இறக்கம்

"நிமிர்த்தி வச்சுக் கட்டிட்டா லிஃப்டுலயே எறக்கிடலாம் சார்." அமரர் ஊர்தி வண்டிக்காரன் கயிற்றை எடுத்தான்.

"கைய எடு." அண்ணனின் குரல் உயரவில்லை. "என் தங்கச்சி என்ன பீரோவா? படுத்த வாக்கிலதான் போவா."

"ஒம்பது மாடி சார். ஆள் வேணுமே."

அதுதான் அவரிடம் இல்லை. மருமகனை மட்டும் கூட்டிக்கொண்டு வந்திருந்தார். அரசாங்கக் குடியிருப்பில் தங்கை இருப்பதைச் சொந்தபந்தத்துக்குச் சொன்னதே இல்லை. அவள் வாசலை அவர் மிதித்ததும் இன்றுதான்.

எதிர்வீட்டுத் தையற்காரி கைப்பிடிச் சுவரைப் பிடித்துக் குனிந்து, "மாடி மாத்து" என்று கீழே குரல் கொடுத்தாள். தளம் தளமாகக் கதவுகள் திறக்கும் சத்தம் கேட்டது.

"என்னம்மா அது?"

"பதினோரு வருஷம் இங்க லிஃப்டே இல்லண்ணே. நாங்களா காலி பண்ணிட்டுப் போயிடுவோம்னு ஹவுசிங் போர்டு ஆபீஸ்ல காத்திருந்தாங்க. அப்ப உங்க தங்கச்சி போட்ட சட்டம் இது. எந்தச் சுமையும் ஒருத்தர் கையில ஒரு மாடிதான். புள்ளத்தாச்சிய எறக்கினோம், பக்கவாதக்காரர ஏத்தினோம். குடிச்சிட்டு வந்த எங்க வீட்டுக்காரரையும் ஏத்தியிருக்கோம், அதான் ரொம்ப கனம். ஒரு வீடு காலியாகல. கடைசியில ஆபீஸ்காரங்கதான் எறங்கி வந்து லிஃப்ட் குடுத்தாங்க, இந்தத் தீப்பெட்டிய."

அவர் குனிந்து ஸ்ட்ரெச்சரின் தலைப்பக்கம் ஓர் ஓரத்தைப் பிடித்தார்.

எட்டாம் மாடியில் நான்கு பேர் தயாராக நின்றார்கள். முன்னால் நின்ற பஸ் டிரைவர் கை நீட்டினார். "குடுங்க பெரியவரே. உங்க மாடி முடிஞ்சுது."

"நான் அவ அண்ணன்."

"தெரியும். அவங்க போட்ட சட்டம், யாருக்கும் விதிவிலக்கு கெடையாது."

யார் சொல்லியும் எதையும் விட்டுக்கொடுத்துப் பழகாதவர். கொடுத்தார்.

பிறகு பின்னாலேயே இறங்கினார். ஏழில் ஒரு நர்ஸும் அவள் தம்பிகளும், ஆறில் அப்பனும் மூன்று பெண்பிள்ளைகளும். திருப்பம் வரும்போதெல்லாம் கால்பக்கத்தார் தோளுக்கு உயர்த்தினார்கள், தலைப்பக்கத்தார் இடுப்புக்குத் தாழ்த்தினார்கள். யாரும் யாருக்கும் சொல்லவில்லை. ஒரு படியில்கூட அவள் சாயவில்லை. அவர் முதுகு முன்னைவிட நிமிர்ந்திருந்தது.

முற்றத்தில் வண்டிக்காரன் மெதுவாகக் கேட்டான். "இவங்கல்லாம் யாரு சார்?"

"எங்க வீட்டு ஆளுங்க."

"முன்னாடி ஏறுங்க, போகலாம்."

"இருப்பா."

அண்ணாந்து பார்த்தார். எல்லாத் தளத்திலும் ஆட்கள். கீழ்த்தளத்தைப் பார்த்துக் கைகூப்பினார். பிறகு முதல் மாடிக்கு. பிறகு இரண்டு, மூன்று.

ஒன்பதாவது வரும்வரை வண்டிக்காரன் சாவியைத் திருப்பவில்லை.