கார் புறப்படும் இடத்துப் பாட்டு

சனிக்கிழமை காலை பத்து மணிக்கு நவரட்ணம் அங்கிள் வருவதாகப் போன் வந்திருந்தது. ஒன்பதரைக்கே வினோதன் அண்ணை அங்கிளின் மகள் சுலக்சனா அக்காவின் கலியாண வீடியோக் கசற்றை மெசினில் போட்டு, பெண் காரில் ஏறிப் போகும் இடத்தில் நிறுத்திவிட்டார்.

"சொல்லு சுபாங்கி, இது என்ன பாட்டு?"

"யப்பான் பாட்டு, அண்ணை."

"அலுமாரி நிறையச் சினிமாப் பாட்டு வைச்சிருக்கிறன். உனக்கு யப்பானோ கிடைச்சது?"

நாங்கள் குடியேறிய குளிர்நாட்டில், வெக்ஸ்போர்ட்டில், வினோதன் அண்ணையின் வீட்டு நிலத்தடிப் பேஸ்மென்ற்தான் ஸ்ரூடியோ. படம் பிடிப்பது அவர். வெட்டி ஒட்டிப் பாட்டுப் போடுவது நான். வகுப்பில் எழுப்பிப் பேசச் சொன்னால் எனக்கு மூச்சு முட்டும், அதனால் பள்ளிக்கூடத்தைப் பாதியில் விட்டவள். இந்த வேலையும் போனால் திங்கட்கிழமையே திரும்பப் பள்ளிக்கூடம் என்று அப்பா சொல்லியிருந்தார்.

கார் புறப்படும் இடத்துக்கு எல்லாக் கலியாணத்துக்கும் ஒரே பாட்டுத்தான். பெண் அழாத துண்டுகளை வெட்டிவிடுவோம். சுலக்சனா அக்காவின் கசற்றில் மட்டும் நான் வெட்டவில்லை. பாட்டையும் மாற்றினேன்.

பக்கத்து அஜின்கோர்ட்டில் சீனர்களின் மோலில் ஒரு கடையில் யப்பான் நாடகக் கசற்றுகள் வாடகைக்குக் கிடைக்கும். ஒரு நாடகத்தைப் பதினொரு கிழமை பாஷை தெரியாமலே பார்த்தேன். அதன் முகப்புப் பாட்டு உள்ளங்கையளவு சீடியாக, நீண்ட அட்டை உறையில் அதே கடையில் இருந்தது. கடைசிப் பாகத்தில், கலியாணமாகி மூன்றாம் நாள், புருஷன் நித்திரையில் இருக்க, பெண் ஒரு பெட்டியோடு ரயிலேறிப் போய்விடுகிறாள். அப்போது அந்தப் பாட்டு வரும்.

நவரட்ணம் அங்கிள் சப்பாத்தில் பனியோடு படியிறங்கி வந்தார். பின்னால் சுலக்சனா அக்கா.

"தம்பி, சம்பந்தி வீட்டில எல்லாரும் இருந்து பாக்கேக்க விளங்காத பாசையில ஒருத்தி பாடுறாள். செத்தவீட்டுப் பாட்டோ எண்டு சம்பந்தியம்மா கேக்கிறா. நான் என்னத்தைச் சொல்ல?"

"பிழைதான், அங்கிள். இப்பவே மாத்தித் தாறன்."

"மாத்திறது பிறகு. போட்டவ சொல்லட்டும். நல்லதுக்குப் பாடுறதோ, கெட்டதுக்கோ?"

வினோதன் அண்ணை என்னைப் பார்த்தார். அந்தப் பார்வையில் என் திங்கட்கிழமை இருந்தது.

"சீன மோல் கடையில எடுத்த நாடகப் பாட்டு, அங்கிள்."

"என்ன கதை?"

"கலியாணக் கதை. ரெண்டு பேரும் கடைசியில சேருகினம்."

சுலக்சனா அக்கா சட்டென்று நிமிர்ந்தார். அப்போதுதான் அவருடைய கையைப் பார்த்தேன். சீனக் கடையின் மஞ்சள் பை. அதற்குள் கசற்றுகள்.

"பிள்ளை, நீயும் அந்த மோலிலதானே வேலை செய்யிறாய்," என்று அங்கிள் மகளிடம் திரும்பினார். "உந்த நாடகம் உனக்குத் தெரியுமோ?"

அக்கா பையை மற்றக் கைக்கு மாற்றிக்கொண்டு என்னைப் பார்த்தார்.

"ஓம் அப்பா, பார்த்தனான். அவ சொல்லுறது சரி. கலியாணக் கதைதான்."

"மங்களமாத்தான் முடியுதோ?"

"ஓம்."

அங்கிள் தொப்பியைக் கழற்றித் தலையைத் தடவினார். "அப்ப இருக்கட்டும். சம்பந்திக்கு நான் சொல்லுறன். உந்தப் பிள்ளையை ஏசாதையும், தம்பி."

வினோதன் அண்ணை அவரோடு மேலே போனார். சுலக்சனா அக்கா போகவில்லை.

"கடைசிக் கசற் பார்த்தனீரோ?" என்று மெதுவாகக் கேட்டார்.

"ஓம், அக்கா."

"பிறகேன் உந்தப் பாட்டைப் போட்டனீர்?"

ரீவியைக் காட்டினேன். காருக்கு வெளியே எல்லோரும் அழுகிறார்கள். உள்ளே அக்கா மட்டும் அழவில்லை. கதவுப் பிடியில் கை வைத்து, அதையே பார்த்துக்கொண்டிருக்கிறார்.

"இதை வெட்ட மனம் வரேல்ல. வழக்கமான பாட்டு இதுக்குப் பொருந்தேல்ல," என்றேன்.

மேலேயிருந்து அங்கிள் கூப்பிட்டார். "வாறியோ பிள்ளை? கார் ஸ்ராட்டில நிக்குது!"

"வாறன், அப்பா."

மஞ்சள் பையை என் மேசையில் வைத்தார். "உதைக் கடையில குடுத்துவிடும். எனக்கு இனி அந்தப் பக்கம் போகக் கிடையாது."

அவர் போனதும் வினோதன் அண்ணை இறங்கி வந்தார். "தப்பினாய். திங்கட்கிழமை வெள்ளன வா. பெரியபிள்ளையான சாமத்தியவீட்டுக் கசற் ஒண்டு வெட்டக் கிடக்கு."

நான் தலையாட்டினேன். வெளியே ஒரு கார்க்கதவு மூடிய சத்தம் கேட்டது. இரண்டாவது, சுலக்சனா அக்காவின் பக்கத்துக் கதவு, மூட வெகுநேரம் எடுத்தது.