பேயின் மூச்சு

"நீ செத்து ஏழு வருஷம் ஆச்சு, ஓடில். பேய் வாயிலேர்ந்து கெட்டில் மாதிரி புகை வரலாமா?"

"மைனஸ் இருபத்தி நாலு டிகிரி, தோரா. இந்தக் குளிர்ல செத்தவளுக்கும் வரும்."

கனடாவின் வின்னிபெக்கில், உறைந்த ஆற்றின் மேல் நின்று, பழைய கிறிஸ்துமஸ் கதை ஒன்றை, வசனமெல்லாம் பாட்டாகவே வரும் புதிய ஓபராவாகப் படம்பிடித்துக்கொண்டிருந்தோம். தோரா இயக்குநர். கஞ்சனைத் திருத்த வரும் பேய் ஓடில். அவள் முகத்துக்கு வெள்ளை பூசுகிறவள் நான். பத்தொன்பது வருஷம் கோரஸில் கூட்டத்தோடு பாடிய ஓடிலுக்கு இதுதான் முதல் தனிப்பாட்டு.

"ஐஸை வாயில வெச்சிருந்து, பாடுறதுக்கு முன்னாடி துப்பிடு. புகை வராது. மாட்டேன்னா உன்னை முதுகுப் பக்கமாத்தான் எடுக்கணும்."

ஓடில் கோடையில்கூடக் குளிர்ந்த தண்ணீர் குடிக்கமாட்டாள். தொண்டைக்கு அப்படியொரு காவல். "எங்கம்மா என் முதுகைப் பாக்கவா தியேட்டருக்கு வருவாங்க?" என்று முணுமுணுத்தபடி, கண்ணை இறுக மூடிக்கொண்டு ஐஸை வாயில் போட்டாள்.

கஞ்சனாக நடிக்கும் வெண்டெல் சூடான டீயை உறிஞ்சினான். "உயிரோட இருக்கறதுல இது ஒரு சௌகரியம்."

"ஆக்‌ஷன்!"

ஐஸை என் கையுறையில் துப்பிவிட்டுப் பாடினாள். நாலே வரி. புகையே இல்லை, குரல் மட்டும் பனியில் வழுக்கிக்கொண்டு அக்கரைவரை போனது. தோரா 'கட்' சொல்ல மறந்துவிட்டாள். கம்பளிக் கையுறைகளோடு நாங்கள் தட்டிய கைதட்டலில் சத்தமே எழவில்லை.

அடுத்த ஐஸ் துண்டுக்காக ஓடில் என்னிடம் கையை நீட்டினாள்.

"தோரா, இன்னும் ஒரே தடவை, என் முகத்துக்கு ரொம்பக் கிட்ட வந்து எடுக்கறியா?"